யார் வீட்டுக்கு விருந்தாளியாகப் போகிறோம்?

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு,

வணக்கம். சென்ற இதழில் வந்த, வட தாய்லாந்தின் சியாங் மாய் பற்றிய பயணக் கட்டுரையை இரண்டு முறை படித்தேன். பாங்காக், பட்டாயா என்று முடிந்துவிடும் நம் ஆட்களின் தாய்லாந்துப் பயணத்தை மலைப்பக்கம் திருப்பி, காட்டுப் பாதையில் நடந்து, கரேன் என்ற மலைவாழ் மக்களின் கிராமத்தில் இரவு தங்கச் சொன்னதற்கு என் நன்றி. ஆனால் நடுவில் ஒரு வரி என்னை உறுத்திக்கொண்டே இருக்கிறது. கரேன் மக்களைக் "காட்டை வெட்டி எரித்துப் பிழைப்பவர்கள்" என்று போகிற போக்கில் சொல்லிவிட்டார் கட்டுரையாளர். அந்த மலைக்கு இரண்டு முறை போய்வந்தவள் என்பதால் இதை எழுதுகிறேன்.

முதல் முறை போனது 2017ல். சியாங் மாயில் ஒரு ஏஜென்சியில் பணம் கட்டினோம். இரண்டு நாளில் யானைச் சவாரி, அருவி, மலைக்கிராமத்தில் ஓர் இரவு, மூங்கில் தெப்பம் எல்லாம் அடக்கம். கிராமத்துக்குப் போய்ச் சேர்ந்தபோது இருட்டிவிட்டது. ஊருக்கு வெளியே பயணிகளுக்கென்றே கட்டிய ஒரு நீளக் கொட்டகையில் பன்னிரண்டு பேரும் படுத்தோம். சமைத்தது நகரத்திலிருந்து வந்த வழிகாட்டி. மளிகைகூட நகரத்திலிருந்துதான் வந்தது. ஊர்ப் பெண்கள் நான்கு பேர் துணிகளையும் பைகளையும் தரையில் விரித்துவைத்து, யாராவது வாங்குவார்களா என்று பேசாமல் உட்கார்ந்திருந்தார்கள். காலையில் கிளம்பிவிட்டோம். எங்கள் பணத்தில் ஊருக்கு எவ்வளவு போகிறது என்று திரும்பும் வழியில் கேட்டேன். கொட்டகைக்கு ஆள் கணக்கில் ஒரு சிறு தொகை, அவ்வளவுதான் என்றார் வழிகாட்டி. நான் கட்டியதில் பத்தில் ஒரு பங்குகூட இல்லை. ஒரு ஊரில் தூங்கி எழுந்தும் அங்கே ஒருவர் பெயர்கூடத் தெரியாமல் வந்தது இன்றைக்கும் மனதை அறுக்கிறது.

இரண்டாவது முறை 2023 டிசம்பரில். அதற்கு முந்தைய மாதம்தான் இந்தியர்கள் விசா இல்லாமல் தாய்லாந்து வரலாம் என்ற சலுகை நடைமுறைக்கு வந்திருந்தது. நானும் கணவரும் தம்பி மகளும் போனோம். இந்த முறை விசாரித்து விசாரித்து, ஊர்க்காரர்களே நடத்தும் இடமாகத் தேடினோம். முதல் நாள் தோய் இந்தனோன் தேசியப் பூங்காவில் நடந்தோம். 2,565 மீட்டர் உயரம், தாய்லாந்தின் மிக உயர்ந்த சிகரம் அது. அங்கே பா தோக் சியோ என்ற அருவிப் பாதையில் உள்ளூர்க் கரேன் வழிகாட்டி இல்லாமல் போக முடியாது. காட்டுக்குள் இறங்கி, அருவியைக் கடந்து, படிக்கட்டு வயல்களின் வரப்பில் ஏறி, மே கிளாங் லுவாங் கிராமத்தில் போய் முடியும். அங்கே அவர்கள் தோட்டத்துக் காப்பியை வறுத்து, அரைத்து, வடித்துக் கொடுத்தார்கள். ஒரு காலத்தில் அபினி விளைந்த மலைகள் இவை. 1969ல் தாய்லாந்து மன்னர் தொடங்கிய திட்டத்தின் வழியாக அபினிக்குப் பதில் காப்பியும் காய்கறியும் பூவும் வந்தன.

மறுநாள் மே சேம் பக்கம் ஒரு சிறிய ஊருக்கு அரை நாள் நடை. தங்கியது கொட்டகையில் இல்லை, ஒரு குடும்பத்தின் வீட்டில். தூண்கள் மேல் நிற்கும் மரவீடு, கீழே பன்றியும் கோழியும், உள்ளே நடுவில் அடுப்பு. விருந்தாளிகளை வீட்டுக்கு வீடு முறை வைத்து அனுப்புகிறார்கள். வருகிற பணத்தில் ஒரு பங்கு ஊர்ப் பொதுநிதிக்குப் போகிறது. அந்த வீட்டு அம்மா என்னைப் "பீ" என்று கூப்பிட்டார். தாய்லாந்து மொழியில் அக்கா, அண்ணன் இரண்டுக்கும் அதுதான் சொல். விடியற்காலையில் காலால் மிதித்து நெல் குத்தும் உலக்கைச் சத்தம் கேட்டுத்தான் எழுந்தோம். கல்யாணம் ஆகாத பெண்கள் நீள வெள்ளை அங்கி போட்டுக்கொள்வார்கள், ஆனவர்கள் வெள்ளை விதைமணி கோத்துத் தைத்த கருப்பு மேல்சட்டையும் சிவப்புப் பாவாடையும் உடுத்துவார்கள் என்று எங்களுக்குக் காட்டுவதற்காகவே, அந்த வீட்டுப் பாட்டி தன் பெட்டியைத் திறந்து ஒவ்வொன்றாக எடுத்து விரித்தார். தம்பி மகள் அவர் பக்கத்திலேயே உட்கார்ந்து, இடுப்பில் கட்டி நெய்யும் தறியில் இரண்டு விரற்கடை நெய்துவிட்டுத்தான் எழுந்தாள்.

இனி அந்த வரிக்கு வருகிறேன். எங்களுக்கு வழிகாட்டியாக வந்தவர் அந்த வீட்டுக்காரரின் தம்பி. ஊருக்கு வெளியே ஒரு மரத்தடியில் நின்று, "இது என் மரம்" என்றார். கரேன் வழக்கப்படி குழந்தை பிறந்ததும் தொப்புள்கொடியை மூங்கில் குழாயில் போட்டு ஒரு மரத்தில் கட்டுவார்கள். அந்த மரத்தை யாரும் வெட்டக்கூடாது. வெட்டினால் அந்தப் பிள்ளையின் உயிருக்கு ஆகாது என்பது நம்பிக்கை. இப்போது பிரசவம் ஆஸ்பத்திரியில் நடப்பதால் வழக்கம் குறைந்துவருகிறதாம். ஊரைச் சுற்றி நிற்கும் பெரிய மரங்களில் எத்தனையோ இப்படி ஒவ்வொரு ஆளுக்கும் உரியவை. "எரித்துப் பிழைப்பவர்கள்" என்று படித்தவுடன் எனக்கு அந்த மரம்தான் நினைவுக்கு வந்தது.

எரிக்கிறார்கள் என்பது உண்மைதான். எப்படி எரிக்கிறார்கள் என்பதைத்தான் கட்டுரை சொல்லவில்லை. ஒரு குடும்பம் ஒரு துண்டு நிலத்தில் ஒரே ஒரு வருடம் பயிர் செய்யும். அப்புறம் ஏழு, எட்டு வருடம் அதைத் தொடாமல் விட்டு வேறு துண்டுக்குப் போகும். மரத்தை வேரோடு பிடுங்குவதில்லை. இடுப்பளவு அடிமரம் விட்டு வெட்டுவதால் அது மறுபடி துளிர்க்கும். தீ பரவாமல் சுற்றிலும் சருகைக் கூட்டித் தடம் வெட்டிவிட்டுத்தான் கொளுத்துவார்கள். நெல்லோடு மிளகாய், பூசணி, வெள்ளரி, சேம்பு, அவரை எல்லாம் கலந்து விளையும். நமக்கு இது தெரியாத விஷயமா? நாம் கும்பிடும் வள்ளி காவல் காத்தது இப்படிப்பட்ட ஒரு புனத்தைத்தானே. மார்ச், ஏப்ரலில் சியாங் மாயை மூடும் புகைக்குக் காட்டுத் தீ, கால்நடைத் தீவனத்துக்காக மலை மலையாகப் போடும் மக்காச்சோளத்தின் தட்டையை எரிப்பது, பர்மா, லாவோஸ் பக்கமிருந்து வரும் புகை என்று பல காரணங்கள் உண்டு. பழியை மட்டும் மலைக்காரர்கள் தலையில் போட்டுவிடுகிறார்கள். தாய்லாந்து அமைச்சரவையே 2010 ஆகஸ்டில் கரேன் மக்களின் சுழற்சி விவசாயத்தை ஆதரித்துத் தீர்மானம் போட்டது. அப்படியும் அடுத்த ஆண்டே கேங் க்ராசான் தேசியப் பூங்காவில் கரேன் குடிசைகளை அதிகாரிகள் கொளுத்தினார்கள். அந்தக் காடு 2021ல் உலகப் பாரம்பரியச் சின்னமும் ஆகிவிட்டது. ஒரு பத்திரிகையில் வரும் ஒற்றை வரி இந்த மக்களுக்கு எவ்வளவு பாரமானது என்று யோசித்துப் பாருங்கள்.

உங்கள் வாசகர்கள் போவார்கள் என்பதால் சில விஷயங்களையும் சேர்த்துச் சொல்கிறேன். பணம் கட்டும் முன், எந்த ஊர், யார் வீடு, வழிகாட்டி அந்த ஊர்க்காரரா என்று கேளுங்கள். பதில் மழுப்பலாக வந்தால் வேறு இடம் பாருங்கள். தாய்லாந்துச் சட்டப்படி வழிகாட்டி உரிமம் வாங்கக் குடியுரிமை வேண்டும். மலைவாழ் மக்களில் குடியுரிமை இன்னும் கிடைக்காதவர்கள் நிறையப் பேர். தான் பிறந்த காட்டுக்கே வழிகாட்ட முடியாமல் மூட்டை தூக்கி வருகிறவரை நீங்கள் பார்க்கக்கூடும். அவரிடமும் பேசுங்கள், பெயரைக் கேளுங்கள். கழுத்தில் பித்தளை வளையம் அணிந்த பெண்களைக் காட்டுகிறோம் என்று டிக்கெட் விற்கும் இடங்களுக்குப் போகாதீர்கள். அவர்கள் கயான் மக்கள். பெரும்பாலோர் பர்மாவில் நடந்த சண்டையில் அகதியாக வந்தவர்கள். யானைச் சவாரியும் வேண்டாம். 1989ல் மரம் வெட்டுவதற்குத் தடை வந்தபின் வேலையிழந்த யானைகளைத்தான் சுற்றுலாவுக்குக் கொண்டுவந்தார்கள். பாகன்களில் பலர் கரேன் மக்களே. அதனால் யானையைக் காட்டுக்குள் மேயவிட்டுக் கூடவே நடக்கும் ஏற்பாடு இருந்தால் தாராளமாகப் போங்கள்.

சைவம் சாப்பிடுகிறவர்கள் பயப்பட வேண்டாம். "ஜே" என்று சொன்னால் புரிந்துகொள்வார்கள். ஆனால் மிளகாய்த் துவையலில் இறால் விழுது இருக்கும், முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும். எங்களுக்குப் பூசணிக் கொழுந்தும் மூங்கில் குருத்தும் மலையரிசிச் சோறும் கிடைத்தன. என் கணவர் மூன்று முறை கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். நன்றி சொல்லக் கரேன் மொழியில் "தா ப்ளு" என்றால் போதும், வீடே சிரிக்கும்.

கடைசியாக ஒன்று. நம் ஊரில் பிள்ளைகளுக்குப் பெரிய லீவு ஏப்ரல், மேயில்தான். ஏப்ரலில் அங்கே புகை, எதிர்மலை தெரியாது, மூச்சு முட்டும். மழை பிடித்துவிட்டால் பாதையெல்லாம் அட்டை. அரையாண்டு விடுமுறைதான் சரி. இரவில் நன்றாகக் குளிரும், ஸ்வெட்டர் கட்டாயம் வேண்டும். அந்தக் கட்டுரையாளர் அடுத்த பாகம் எழுதுவதாகச் சொல்லியிருக்கிறார். எழுதும் முன், தான் தங்கிய வீட்டுக்காரர்களிடம் அவர்களுடைய புனத்தைப் பற்றிக் கேட்டு, அவர்கள் சொல்வதையும் சேர்த்து எழுதச் சொல்லுங்கள். நான் வாங்கி வாசிப்பேன்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகி,
ஈரோடு.