சிகாகோ நடையில் அம்மாவுக்குத் துணை வந்த பெரியவருக்கு நன்றி

ஐயா, சிகாகோவின் கட்டடங்களை நடந்தே சுற்றிப் பார்க்கும் சுற்றுலாவில் அம்மா முழங்கால் வலியால் பின்தங்கியபோது, குழுவை விட்டுவிட்டு எங்களோடு மெதுவாக நடந்து வந்தீர்கள். மொனாட்நாக் கட்டடத்தின் முன் நிறுத்தி, "சுவரைத் தொட்டுப் பாருங்கள்" என்றீர்கள். 1891-இல் முடிந்த அதன் வடபாதியில் 16 மாடிப் பாரத்தையும் செங்கல் சுவர்தான் தாங்குகிறது. அதனால் அடியில் 6 அடி தடிமன். நான் தமிழில் சொல்லச் சொல்ல, அம்மா சன்னலோரம் கை நீட்டி அந்த ஆழத்தை அளந்து பார்த்தார். வலியே மறந்துபோனது அவருக்கு!

அப்புறம் டேலி பிளாசா சதுக்கத்தில் 1967-இல் திறந்த பிக்காசோவின் 50 அடி எஃகுச் சிற்பம். அதற்கு அவர் கூலியே வாங்கவில்லை என்று நீங்கள் சொன்னதை அம்மா வீட்டில் எல்லோரிடமும் சொல்கிறார்.

பெயர் கேட்பதற்குள் ரயில் ஏறிவிட்டீர்கள். ரொம்ப நன்றி ஐயா.