'கோய்' வெறும் வெட்கமா?

ஆசிரியருக்கு வணக்கம்.

பேத்தி பள்ளியிலிருந்து வந்ததும் 'கோய்' (coy) என்ற ஆங்கிலச் சொல்லுக்கு அர்த்தம் கேட்டாள், அவளுடைய குட்டி அகராதியில் 'வெட்கம்' என்று மட்டும் போட்டிருந்தது. அது போதாது. உண்மையில் வெட்கப்படுகிறவர் ஓடி ஒளிவார். இது ஆசையை உள்ளே வைத்துக்கொண்டு வேண்டாம் வேண்டாம் என்பது. தோட்டத்துக் கல்யாணங்களில் பாயாசம் வரும்போது 'போதும்' என்று இலையைக் கையால் மறைத்துக்கொண்டே விரல்களை மட்டும் விரித்து வைப்பார்களே (நானும்தான்), அதுதான் கோய். நாம் பிகு பண்ணுவது என்போம், மலாய்க்காரர்கள் 'மாலு மாலு கூச்சிங்', அதாவது பூனை வெட்கம், என்பார்கள்.

சொல்லின் வேர் லத்தீன் 'குவியேட்டஸ்', அமைதியாக இருப்பது. அது பழைய பிரெஞ்சில் தேய்ந்து, 14ஆம் நூற்றாண்டில் ஆங்கிலத்துக்கு வந்தபோதும் அமைதி, அடக்கம் என்றுதான் பொருள். பாசாங்கு அப்புறம் ஒட்டிக்கொண்டது. அமைதி என்று பொருள்படும் 'குவயட்' (quiet) அதே வேரில் பிறந்த சாது. இப்போதோ, தேர்தலில் நிற்பீர்களா என்று கேட்டால் சிரித்தே மழுப்பும் அரசியல்வாதியையும் ஆங்கிலப் பத்திரிகைகள் 'கோய்' என்றுதான் எழுதுகின்றன.

உங்கள் மாணவர் பக்கத்தில் இந்தச் சொல் வந்தால் 'பிகு' என்றே போடுங்கள் சார், பிள்ளைகளுக்குச் சட்டென்று புரியும்.

ஒரு வாசகர்,
சுங்கை சிப்புட், பேராக்