மெக்சிகோ நகரிலிருந்து மகளுக்கு

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுவது. இங்கே நானும் அம்மாவும் அண்ணன் குடும்பத்தாரும் நலம். உன் நலமும் மாப்பிள்ளையின் நலமும் அறிய ஆவல் என்று கடிதத்தின் தொடக்கத்தில் எழுதுவது வழக்கம். இந்த முறை நான் அதை வழக்கத்துக்காக எழுதவில்லை. அம்மா அனுப்பும் படங்களுக்கெல்லாம் உன்னிடமிருந்து கட்டைவிரல் குறி மட்டும் வருகிறது. அழைத்தால் மாப்பிள்ளைதான் எடுக்கிறார். "தூங்குகிறாள் மாமா" என்கிறார். தூக்கம் நல்லதுதான். சாப்பிட்டாளா என்று கேட்டால் மட்டும் சற்றுத் தயங்கிவிட்டு, "சாப்பிட்டாள்" என்கிறார். அந்தத் தயக்கத்தை அம்மாவிடம் நான் சொல்லவில்லை. வேளைக்குச் சாப்பிடு. டிக்கெட்டைத் தள்ளிப்போடலாம் என்று அம்மா அழுதபோது, போய்த்தான் ஆக வேண்டும் என்று பிடிவாதமாக எங்களை அனுப்பிவைத்தவள் நீ. அனுப்பிவைத்தவளுக்கு அழைப்பை எடுக்கும் கடமையும் உண்டு அல்லவா?

பேசினால் என்னால் சரியாகச் சொல்ல முடியாது என்பதால், சென்ற வாரம் பார்த்துவந்த ஒன்றைப் பற்றி விரிவாக எழுதுகிறேன். சபுல்தெபெக் பூங்காவில் இருக்கும் தேசிய மானுடவியல் அருங்காட்சியகத்துக்கு அண்ணன் எங்களை அழைத்துப் போனான். தனியாகச் சுற்றினால் ஒன்றும் புரியாது என்று, ஆங்கிலத்தில் விளக்கிச் சொல்லும் ஒரு வழிகாட்டியையும் ஏற்பாடு செய்திருந்தான். என் வயதுள்ள அம்மையார். கையில் ஒரு கோப்பு வைத்திருந்தார். காட்சிப் பெட்டிகளில் இல்லாத ஓவியங்களின் வண்ணப் படிகள் அதில் இருந்தன. அவர் வேகமாகப் பேசும்போதெல்லாம் அண்ணன் அம்மாவுக்குத் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தான்.

முதலில் உன் துறைக்கு உரியதைச் சொல்கிறேன். 1964-இல் திறக்கப்பட்ட அந்தக் கட்டடத்தின் நடுமுற்றத்தில், ஒரே தூணின்மேல் ஒரு பெரிய கூரை நிற்கிறது. தூணைச் சுற்றி மேலிருந்து நீர் கொட்டுகிறது. பெத்ரோ ராமிரெஸ் வாஸ்கெஸ் என்பவர் வடிவமைத்தது. அதன் அடியில் நின்றதும், இதன் பாரம் எப்படி இறங்குகிறது என்று நீ இருந்தால் தரையில் கோடு போட்டுக் காட்டியிருப்பாய் என்று அண்ணனிடம் சொன்னேன். பாலம் கட்டுகிறவளின் அப்பா நான் என்று அந்த அம்மையாரிடமும் சொல்லிக்கொண்டேன். உடனே அவர் எங்களைத் திரும்பவும் வாசலுக்கு அழைத்துப் போய், சாலையோரம் நிற்கும் மழைத்தெய்வமான த்லாலோக்கின் சிலையைக் காட்டினார். 168 டன் எடையுள்ள ஒற்றைக் கல். கோவாத்லின்சான் என்ற கிராமத்தில் ஓடைப் படுகையில் கிடந்ததை, அதற்கென்றே செய்த வண்டியில் ஏற்றி 1964 ஏப்ரல் 16 அன்று நகருக்குக் கொண்டுவந்திருக்கிறார்கள். ஊர் மக்கள் விடவில்லை. இரவில் வண்டியைச் சேதப்படுத்தினார்கள். கடைசியில் ராணுவம் வந்துதான் எடுத்துப் போனது. மழைக்காலம் அல்லாத அந்த நாளில், கல் நகருக்குள் நுழையும்போது பெருமழை பெய்ததாம். அதைவிட எனக்கு அந்த ஊர்க்காரர்கள்தான் மனத்தில் நின்றார்கள். தங்களுக்குரியதை எங்கோ எடுத்துப் போகிறார்கள் என்றால் யாரால்தான் சும்மா இருக்க முடியும்?

உள்ளே பழங்காலப் பிரிவில், தரைக்கடியில் த்லாதில்கோ என்ற ஊரின் கல்லறைகளை அப்படியே அமைத்துக் காட்டியிருக்கிறார்கள். மூவாயிரம் ஆண்டுகளுக்கு முந்தைய ஊர். அங்கே இறந்தவர்களைத் தொலைவில் கொண்டுபோய்ப் போடாமல், வாழ்ந்த வீட்டின் தரையிலேயே புதைத்துவிட்டு, அதன்மேல் சமைத்தும் உறங்கியும் வாழ்ந்தார்களாம். அருகில் களிமண்ணால் செய்த சிறு பெண் உருவங்கள். சிலவற்றின் கையில் குழந்தை. அம்மா அந்த இடத்தைவிட்டு நகரவில்லை. மற்றவர்கள் முன்னால் போய்விட்டார்கள். அந்த அம்மையார் அவசரப்படுத்தாமல் காத்திருந்தார். ஓல்மெக் என்ற பழங்கால மக்கள் செதுக்கிய பெரிய கல் தலைகளையும் மாயா மக்களின் அறையையும் அதன் பிறகு சற்று விரைவாகவே பார்த்தோம். மாயா எண்களில் ஒன்றுக்குப் புள்ளி, ஐந்துக்குக் கோடு, சுழியத்துக்குச் சிப்பி. இருபது இருபதாகக் கணக்கிடுகிறார்கள். ஏழாம் வகுப்பில் உன் கணக்கு நோட்டைத் தலைமையாசிரியர் மற்ற வகுப்புகளுக்குக் கொண்டுபோய்க் காட்டியதை அம்மா அப்போது நினைவுபடுத்தினாள்.

பிறகுதான் அஸ்டெக் கூடம். ஸ்பானியர்கள் வருவதற்கு முன் இந்த நகரை ஆண்ட அவர்கள் தங்களை மெக்சிகா என்று அழைத்துக்கொண்டார்கள். எல்லோரும் சூரியக் கல்லைப் படம் எடுக்கப் போக, இந்த அம்மையார் எங்களைக் கோவாத்லிக்குவே முன் நிறுத்தினார். தெய்வங்களைப் பெற்ற தாய் அவள். இரண்டரை மீட்டர் உயரம். பாம்புகளால் பின்னிய பாவாடை. கழுத்தில் கைகளும் இதயங்களும் கோத்த மாலை. தலை இருக்க வேண்டிய இடத்தில் எதிரெதிராக நோக்கும் இரண்டு பாம்புகள். 1790 ஆகஸ்டில் நகரின் பெரிய சதுக்கத்தில் தோண்டியபோது வெளிப்பட்டவள். பல்கலைக்கழகத்துக்குக் கொண்டுபோய் வைத்திருக்கிறார்கள். பழங்குடி மக்கள் அவளைத் தேடி வணங்க வரத் தொடங்கியதும், பயந்துபோன அதிகாரிகள் முற்றத்திலேயே திரும்பவும் புதைத்துவிட்டார்கள். 1803-இல் மெக்சிகோ வந்த ஹம்போல்ட் என்ற ஜெர்மானிய அறிஞர் பார்க்க வேண்டும் என்று கேட்டதால் தோண்டி எடுத்துக் காட்டிவிட்டு, மறுபடியும் மண்ணைப் போட்டு மூடியிருக்கிறார்கள். தாயின் துயரத்தைக் கண்ணெடுத்துப் பார்க்க அஞ்சியவர்கள் செய்த வேலை அது என்று எனக்குப் பட்டது. வழிகாட்டி அப்படிச் சொல்லவில்லை, நான்தான் நினைத்துக்கொண்டேன்.

அங்கேயே ஒரு பலகையில் அமர்ந்து தம் கோப்பைத் திறந்தார். 1541 வாக்கில் எழுதப்பட்டு இப்போது ஆக்ஸ்போர்டில் இருக்கும் மெண்டோசா ஓவியச் சுவடியின் பக்கங்கள் முதலில் வந்தன. பிள்ளைகளை எந்த வயதில் எப்படி வளர்த்தார்கள் என்பதை வரிசையாக வரைந்திருக்கிறார்கள். ஒவ்வொரு பிள்ளையின் அருகிலும் ஒரு வேளைக்கு எத்தனை தோர்த்தியா என்ற அளவு இருக்கிறது. தோர்த்தியா என்பது மக்காச்சோள ரொட்டி. மூன்று வயதில் அரை ரொட்டி, நான்கில் ஒன்று, ஆறில் ஒன்றரை, பதின்மூன்றில் இரண்டு. பிள்ளை எவ்வளவு தின்றது என்பதைச் சுவடியில் பதிந்துவைக்கும் அளவுக்குக் கவலைப்பட்டவர்களை எனக்கு மிகவும் பிடித்துவிட்டது. நீ இந்த வாரம் எவ்வளவு சாப்பிட்டாய் என்பதை எழுதிவைக்க என்னிடம் சுவடியும் இல்லை, கேட்டால் சொல்வாரும் இல்லை. இரண்டு இட்லியாவது சாப்பிடு. ரசஞ்சாதமாவது சாப்பிடு.

அடுத்து அவர் சொன்னதை எப்படி எழுதுவது என்று இரண்டு நாட்களாக யோசித்தேன். பிள்ளைப்பேற்றை அந்த மக்கள் போர் என்றே கருதினார்கள். பெர்னார்தினோ தே சாகுன் என்ற பாதிரியார், முதியவர்களைக் கேட்டு அவர்கள் மொழியிலேயே எழுதிவைத்தவற்றில் இது இருக்கிறது. குழந்தை பிறந்ததும் மருத்துவச்சி போர்முழக்கம் எழுப்புவாள். பெற்றவள் வீரம் செய்து திரும்பியவள். பேற்றில் உயிர்விட்ட பெண்கள், களத்தில் விழுந்த வீரர்களுக்குச் சமமாக, உச்சிவேளையிலிருந்து மாலைவரை சூரியனுடன் நடந்துபோவார்களாம். இதைக் கேட்டபோது எனக்கு அந்த இரவு முழுவதும் திரும்ப வந்தது. மருத்துவமனைத் தாழ்வாரத்தில் நான் உனக்காக மட்டும்தான் வேண்டிக்கொண்டிருந்தேன். நீ திரும்பி வந்தாய். வெறுங்கையோடு வந்தேன் என்று நீ அம்மாவிடம் சொன்னாயாம். நீ வந்தாய் என்பதற்கு மேல் எனக்கு அன்று எதுவும் தேவைப்படவில்லை. அதை உன்னிடம் சொல்லும் துணிவு மட்டும் இல்லாமல் போய்விட்டது.

கடைசியாக ஒரு மரத்தின் படம். வாத்திக்கனில் இருக்கும் ஒரு சுவடியிலிருந்து எடுத்தது. மரத்தின் அடியில் குழந்தைகள். கிளைகளிலிருந்து சொட்டும் பாலை வாய் திறந்து குடித்துக்கொண்டிருக்கிறார்கள். மக்காச்சோளம் உண்ணும் முன்பே, பால்குடி மாறும் முன்பே போய்விட்ட குழந்தைகள், இறந்தோருடைய இருண்ட உலகத்துக்குப் போவதில்லை. உணவின் தெய்வத்தினுடைய தோட்டத்தில் இந்த மரம் அவர்களுக்குப் பால் கொடுக்கும். அந்தக் குழந்தைகளைப் பச்சைமணி என்றும் நீலமணி என்றும் சொன்னார்கள். ஊரில் கன்று ஈன்ற பசுவின் இளங்கொடியை ஆலமரத்தில் கட்டுவதைப் போல இருக்கிறது என்று அம்மா மெல்லச் சொன்னாள். பால் உள்ள மரம் என்பதற்காகத்தானே நாமும் ஆலைத் தேடிப் போகிறோம். இதே மக்கள் மழை வேண்டிக் கொடுத்த பலிகளைப் பற்றியும் அந்த அம்மையார் மறைக்காமல் சொன்னார். அதுவும் உண்மை; அதை இங்கே எழுத எனக்கு மனம் வரவில்லை.

அந்தக் குழந்தைகளை எங்கே புதைப்பார்கள் என்று அம்மாதான் கேட்டாள், தமிழில். அண்ணன் மொழிபெயர்க்கச் சற்று நேரம் எடுத்துக்கொண்டான். வீட்டுத் தானியக் குதிருக்கு முன்னால் என்று பதில் வந்தது. அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

மருத்துவமனையில் நீ என்னிடம் கேட்டதும் இதே கேள்வியைத்தான். முதலில் உடம்பைத் தேற்றிக்கொள், அப்புறம் சொல்கிறேன் என்றேன். இடம் தெரிந்தால் மனம் அங்கேயே போய் நிற்கும், சொல்லவே கூடாது என்று பெரியவர்கள் எல்லோரும் சொன்னார்கள். மாப்பிள்ளையிடமும் அப்படியே சொல்லி வாக்கு வாங்கியிருக்கிறார்கள். அவரைக் கோபிக்காதே. அன்று முதல் நீ என்னோடு பேசவில்லை என்பது எனக்குத் தெரியும்.

நம் களத்தின் வடகிழக்கு மூலையில், தாத்தா காலத்துக் குதிர் இருந்த கொட்டகையின் சுவரை ஒட்டி இருக்கிறது. ஆற்றங்கரைக்குக் கொண்டுபோகலாம் என்று பெரியப்பா சொன்னார், நான் சம்மதிக்கவில்லை. நம் நிலத்தை விட்டு வெளியே கொண்டுபோக எனக்கு மனம் ஒப்பவில்லை. மாப்பிள்ளைதான் கடைசிவரை கையில் ஏந்தி வந்தார், வேறு யாரிடமும் கொடுக்கவில்லை. உன்னுடைய நீலப் பருத்திச் சேலையில் சுற்றியிருந்தோம். அதைப் பீரோவில் தேடாதே. ஒரு நந்தியாவட்டை நட்டிருக்கிறோம். சித்தப்பா தினமும் காலையில் தண்ணீர் ஊற்றுகிறார். வேர் பிடித்துவிட்டது என்று சென்ற வாரம் சொன்னார். முகம் உன் சிறுவயது முகம்தான். நெற்றி மட்டும் மாப்பிள்ளையுடையது. அதையும் நீ கேட்டிருப்பாய், கேட்கவிடவில்லை.

அடுத்த மாதம் நாங்கள் வந்ததும், நீ விரும்பினால் நால்வரும் ஊருக்குப் போவோம். இப்போதே போக வேண்டும் என்று தோன்றினாலும் எங்களுக்காகக் காத்திருக்காதே. சித்தப்பாவுக்குச் சொல்லிவிட்டேன், யாரும் உன்னைத் தடுக்க மாட்டார்கள். பயணத்துக்கு முன் மருத்துவரிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொள். இரும்புச்சத்து மாத்திரையை விடாதே. வெறும் வயிற்றில் குமட்டினால் சாப்பாட்டுக்குப் பின் போடு. அம்மாவுக்கு உன்னிடம் கேட்க வேண்டியது ஒன்று இருக்கிறது. அதை நான் எழுத முடியாது, அவளே கேட்பாள். ஞாயிற்றுக்கிழமை காலை உங்கள் நேரம் எட்டு மணிக்கு அழைப்பாள். பேச முடியாவிட்டாலும் எடு.

அன்புடன்,
அப்பா