சாக்கோ சமவெளியின் மொழிகள்

அன்புள்ள ஆசிரியருக்கு,

அருகிவரும் மொழிகளைப் பற்றி எழுதும்போது குவாய்குரு மொழிக் குடும்பத்துக்கும் கொஞ்சம் இடம் ஒதுக்குங்கள். அர்ஜென்டினாவின் சாக்கோ பகுதியில் கோம், மோகொயிட், பிலகா மொழிகளும், பிரேசில் பக்கம் கதிவேயுவும் இன்றும் பேசப்படுகின்றன. அபிபோன் மொழி மட்டும் அழிந்தே போய்விட்டது. அந்த மக்களிடையே ஒருவர் இறந்தால், அவர் பெயரை ஒத்த சொல்லையே விலக்கிவிட்டு மூதாட்டிகள் புதுச்சொல் படைப்பார்களாம். 18ஆம் நூற்றாண்டில் அவர்களோடு வாழ்ந்த பாதிரியார் தோப்ரிட்ஸ்ஹோஃபர் இதை எழுதிவைத்தார். எப்பேர்ப்பட்ட மொழியை இழந்திருக்கிறோம்!

1924 ஜூலை 19 அன்று அதே அர்ஜென்டினச் சாக்கோவிலுள்ள நபல்பி என்ற இடத்தில் கோம், மோகொயிட் மக்களைப் போலீஸார் சுட்டுக் கொன்றார்கள். அதற்கு அரசே பொறுப்பு என்று நீதிமன்றம் சொன்னது 2022இல்தான். அந்தத் தீர்ப்பு அவர்களுடைய மொழிகளிலும் சொல்லப்பட்டது என்று படித்தபோது எனக்குக் கண் கலங்கிவிட்டது. இதையெல்லாம் நம் பிள்ளைகளும் படிக்கட்டும்; விரிவாக ஒரு கட்டுரை வெளியிடுங்கள்.

அன்புடன்,
ஒரு வாசகர்