கோணேசர் கடலில் கிளார்க்

ஆசிரியர் அவர்களுக்கு,

ஞாயிறு இதழில் அறிவியல் புனைகதை எழுத்தாளர் ஆர்தர் சி. கிளார்க் பற்றிய கட்டுரை படித்தேன். 36,000 கிலோமீற்றர் உயரத்தில் செய்மதிகளை நிறுத்தலாம் என்று 1945இலேயே அவர் எழுதியது, நாவல்கள், சினிமா எல்லாம் சரி. ஆனால் 1956இல் இலங்கைக்கு வந்து 2008இல் கொழும்பில் கண்மூடியவரின் அரை நூற்றாண்டை, 'ஓய்வுக்காகக் குடியேறினார்' என்று ஒரே வரியில் முடிக்கலாமா? வந்தபோது அவருக்கு 38 வயதுதான்! கடலில் சுழியோடவே வந்தார்.

திருகோணமலைக்காரனுக்கு இன்னொரு மனக்குறை. போர்த்துக்கீசர் இடித்த கோணேசர் கோயிலின் தூண்கள், அந்தக் கோயில் இருக்கும் சுவாமிமலைப் பாறைக்குக் கீழே கடலுக்குள் கிடப்பதை அவரும் நண்பர் மைக் வில்சனும் மூழ்கிப் பார்த்தார்கள். கிளார்க் அதைப் புத்தகத்திலும் எழுதினார். விண்ணுக்கு மின்தூக்கி கட்டும் கதைக்காக இந்தத் தீவையே தெற்கே நகர்த்தி நிலநடுக்கோட்டில் வைத்த மனுஷன் அவர். அதுவும் கட்டுரையில் இல்லை.

அந்தப் பாறையில் இராவணன் வெட்டு என்ற பிளவுப் பக்கம் நின்று எட்டிப் பார்த்தால் நமக்கு நீலம் மட்டும்தான் தெரியும். அதற்குள் இறங்கியவரைப் பற்றி இரண்டு பந்தியாவது சேர்த்திருக்கலாம்.

ஒரு வாசகர்,
திருகோணமலை