அவள் கணக்கில் நீ இல்லை: இஸ்மீனிக்கு

அன்புள்ள இஸ்மீனி,

உங்கள் கிரேக்க ஊர் தீப்ஸின் ஏழு வாசல் சண்டை, ஒரே நாளில் ஒருவர் கையால் ஒருவர் செத்த இரண்டு அண்ணன்கள், ஒருவனை மரியாதையோடு புதைத்துவிட்டு இன்னொருவனை நாய்க்கும் பறவைக்கும் போடச் சொன்ன மாமா கிரியோன்... இதையெல்லாம் உனக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. நேராக விஷயத்துக்கு வருகிறேன்.

தடையை மீறி, புதைக்காமல் போட்ட அண்ணனுக்கு மண் போட்டதற்காக, உயிரோடு அடைத்துவைக்கக் குகைக்கு இழுத்துப் போகும்போது உன் அக்கா ஆன்டிகனி ஊர்ப் பெரியவர்களைப் பார்த்து ஒன்று சொன்னாள். உங்கள் அரச வம்சத்தில் மிஞ்சிய ஒரே பெண் நான், என்னைப் பாருங்கள் என்றாள். அப்போது நீ உயிரோடு இருந்தாய். அதே அரண்மனைக்குள்.

போன வாரம் என் அக்காவின் தலைத்திவசம். வந்திருந்த பெரியவர் ஒருவர், “அந்த வீட்டுல முதுகெலும்போட இருந்தது அவ ஒருத்திதான்” என்றார். நான் அவர் இலையில் பாயசம் ஊற்றிக்கொண்டிருந்தேன். உனக்கு எழுதிவிடுவது என்று அன்றைக்குத்தான் முடிவு செய்தேன்.

முதலில் மன்னிப்பு. நானும் எல்லோரையும் போல ஆன்டிகனி கட்சியில் இருந்தவள்தான். ஆனால் வேறு எப்படி இருந்திருக்க முடியும், சொல்? கி.மு. 441 வாக்கில் சோபாக்ளிஸ் எழுதிய ‘ஆன்டிகனி’ நாடகம் 1353 வரி. 581-ஆவது வரியோடு உன்னை உள்ளே கொண்டுபோகிறார்கள். அப்புறம் நீ வரவே இல்லை. உன் பேரைக்கூட யாரும் சொல்வதில்லை. வாசகி என்ன செய்வாள்?

அந்த நாடகத்தில் எனக்கு மறக்காத இடம், நீ அழுதுகொண்டே வெளியே வருவதுதான். முகம் சிவந்து, கன்னமெல்லாம் நனைந்து வருகிறாய். மாமா உன்னை வீட்டுக்குள் வளர்த்த பாம்பு என்கிறார். மண் போட்டதில் உனக்கும் பங்கு உண்டா, இல்லை எதுவும் தெரியாது என்று சத்தியம் செய்கிறாயா என்று கேட்கிறார். தெரியாது என்றால் தப்பித்துவிடலாம். நீ, அவள் ஒப்புக்கொண்டால் எனக்கும் பங்கு உண்டு என்கிறாய். பொய்தான். விடிவதற்கு முன்னால் அவள் கூப்பிட்டபோது, நாம் பெண்கள், ஆண்களோடு மோத முடியாது என்று சொல்லிவிட்டு நின்றவள் நீ. ஆனால் சாவதற்காகச் சொன்ன பொய் அது.

அதற்கு அவள் என்ன செய்தாள்? என்னோடு சேர்ந்து சாகாதே, நீ தொடாததை உன்னுடையது ஆக்கிக்கொள்ளாதே என்றாள். நீ இல்லாமல் எனக்கு என்ன வாழ்க்கை என்று கேட்டாய். கிரியோனைக் கேள், உனக்கு அவர்தானே வேண்டியவர் என்றாள். படிக்கும்போதே வலிக்கிறது. உன்னைக் குத்திப் பேசினாலும் வலியோடுதான் பேசுகிறேன் என்று அடுத்த வரியில் அவளே சொல்கிறாள், சரி. ஆனால் முதல் வரிதானே காதில் நிற்கும்?

என் அக்காவும் ஆஸ்பத்திரியில் அதையேதான் சொன்னாள். “நீ அவங்க ஆளு.” எங்கள் வீட்டில் காவியம் ஒன்றும் நடக்கவில்லை. ஒரு வீடு, ஒரு கையெழுத்து. அவள் போட மாட்டேன் என்றாள், நான் போட்டேன். ஏன் போட்டேன் என்று இங்கே எழுத முடியாது. சொந்தக்காரர்கள் படிக்கிறார்கள், அம்மா இன்னும் அந்த வீட்டில்தான் இருக்கிறாள். அம்மாவுக்கு வேளாவேளைக்கு மாத்திரை எடுத்துக் கொடுக்க ஒரு ஆள் வேண்டும் என்பதை மட்டும் எழுதலாம் என்று நினைக்கிறேன்.

உன்மேலும் எனக்குக் கோபம் இருக்கிறது. நான் யாரிடமும் சொல்ல மாட்டேன், நீயும் ரகசியமாகவே செய் என்று அக்காவிடம் சொன்னாயே, அதில் எனக்குக் கோபம். ஊரெல்லாம் போய்ச் சொல், சொல்லாவிட்டால் இன்னும் வெறுப்பேன் என்று அவள் கத்தினாள். நான் அவளாக இருந்திருந்தாலும் கத்தியிருப்பேன். ஆனால் அதே பேச்சின் கடைசியில், புத்தியில்லாமல் போகிறாய், ஆனாலும் உன் அன்புக்குரியவர்களுக்கு நீ அன்பானவள்தான் என்றாய். அந்த வீட்டில் அவளைப் பார்த்து அப்படிப் பேசிய ஒரே ஆள் நீதான்.

அவளைக் காப்பாற்றப் பார்த்ததும் முதலில் நீதான். உன் மகனுக்கு நிச்சயித்த பெண்ணையா கொல்லப்போகிறாய் என்று மாமாவைக் கேட்டாய். முறைப்பையன் ஹேமோன் பேச்சை அங்கே எடுத்ததே நீ. அவள் கடைசிவரை அண்ணனைப் பற்றித்தான் பேசினாள். புருஷன் போனால் இன்னொருவன், பிள்ளை போனால் இன்னொன்று, அம்மாவும் அப்பாவும் மண்ணுக்குள் போனபின் அண்ணன் எங்கிருந்து முளைப்பான் என்றாள். இந்த வரிகள் ஜெர்மன் எழுத்தாளர் கதேக்குப் பிடிக்கவில்லை. இடைச்செருகல் என்று யாராவது நிரூபித்தால் தேவலை என்று 1827-ல் தன் உதவியாளர் எக்கர்மனிடம் சொன்னார். எனக்கு உறுத்துவது வேறு. அதே கணக்கில் தங்கை மட்டும் முளைப்பாளா?

நீ கோழை என்று சொல்பவர்கள் ‘கொலோனஸில் ஈடிபஸ்’ படித்திருக்க மாட்டார்கள். சோபாக்ளிஸ் இறந்தபிறகு, கி.மு. 401-ல் மேடையேறிய நாடகம். கண்ணில்லாத அப்பா ஈடிபஸைத் தேடி, ஒரே ஒரு வேலைக்காரனோடு, சிசிலியின் எட்னா குதிரையில், வெயிலுக்குத் தெஸ்ஸாலியத் தொப்பி போட்டுக்கொண்டு வருகிறாய். தொப்பி முகத்தை மறைப்பதால் அக்காவுக்கே முதலில் சந்தேகம். அப்புறம் கண் சிரிப்பதைப் பார்த்து அடையாளம் கண்டுகொள்கிறாள். அதற்கு முன்பும் தீப்ஸ்காரர்களுக்குத் தெரியாமல் அப்பாவுக்குக் குறிவாக்குச் செய்தி கொண்டுபோனவள் நீ. கூடவே இருந்த மகளுக்குப் பேர், ஓடியாடிய மகளுக்கு ஒன்றும் இல்லை.

லூவ்ர் அருங்காட்சியகத்தில் கி.மு. 560 வாக்கிலான கொரிந்தியச் சாடி ஒன்றில் வேறொரு கதை இருக்கிறது. நீ கட்டிலில் கிடக்கிறாய், ஏழு வாசல் சண்டையில் உங்கள் ஊரைத் தாக்க வந்த டைடியஸ் வாளோடு நிற்கிறான், காதலன் ஓடுகிறான். அதில் சாகத்தான் உன்னைக் கூப்பிட்டிருக்கிறார்கள். அதை விடு.

கேட்க வந்தது இதுதான். அப்பா, அம்மா, அண்ணன் எல்லோரையும் என் கையாலேயே குளிப்பாட்டினேன் என்று குகைக்குப் போகுமுன் அவள் சொன்னாள். உங்கள் ஊரில் அது வீட்டுப் பெண்கள் செய்யும் வேலை. கடைசிக் காட்சியில் கிரியோன் ஹேமோனின் உடலோடு வருகிறார், உள்ளே அத்தை யூரிடிசி செத்துக் கிடக்கிறாள். உன் அக்காவின் உடல் என்ன ஆனது என்று நாடகத்தில் ஒரு சொல் இல்லை. மெல்லிய துணியில் சுருக்குப் போட்டுத் தொங்கினாள் என்பதோடு சரி. அந்தச் சுருக்கை அவிழ்க்க, குளிப்பாட்ட, வீட்டில் மிஞ்சிய பெண் நீ ஒருத்திதான். போனாயா? இல்லை, கடைசியாள் நான்தான் என்று அவள் சொன்னது உள்ளே கேட்டு, கோபத்தில் போகாமலே இருந்துவிட்டாயா? போகாமல் இருந்திருந்தாலும் நான் ஒன்றும் கேட்க மாட்டேன்.

இப்படிக்கு,
ஒரு தங்கை