முதலில் யாருக்குப் போட்டுக் காட்டப் போகிறாய்?

அன்புள்ள தம்பிக்கு,

நீ அனுப்பிய உன் ஆவணப்படத்தின் ரஃப் கட்டை, அதாவது முதல் தொகுப்பைப் பார்த்தேன். ஆலைக் கழிவு கலந்த ஆற்றை மேலிருந்து காட்டும் ட்ரோன் காட்சி பிரமாதம். எனக்கு உறுத்துவதும் அதுதான். விஷம் அவ்வளவு அழகாகத் தெரிகிறது! கரையில் இருப்பவர்களோ புண்ணைக் காட்டவும் அழவும் மட்டுமே வருகிறார்கள். அவர்களுக்கு வேலை, சண்டை, கிண்டல் எதுவுமே கிடையாதா?

ஜப்பானிய ஆவணப்பட இயக்குநர் நோரியாகி சுச்சிமோத்தோ மினமாட்டாவில் எடுத்த படங்களைத் தேடிப் பார். சிஸ்ஸோ ஆலை கடலில் விட்ட பாதரசம் மீன் வழியாக மனிதர்களின் நரம்பைத் தாக்கிய ஜப்பானிய ஊர் அது. நோய் 1956-லேயே பதிவாகிவிட்டது. காரணம் ஆலைதான் என்று அரசு ஒப்புக்கொள்ள 1968 ஆயிற்று. இடையில், 1965-இல், தொலைக்காட்சிக்காகப் படமெடுக்கப் போன சுச்சிமோத்தோவை ஒரு தாய் திட்டித் தீர்த்தார், கேட்காமல் தன் பிள்ளையை எடுத்ததற்காக. மனிதர் ஆடிப்போய்விட்டார். 1970-இல் திரும்பிப் போனபோது குழுவோடு அங்கேயே தங்கி எடுத்தார். அடுத்த ஆண்டு வந்த அந்தப் படத்தில் ஒரு கிழவர் ஆழமில்லாத கடலில் நடந்து ஆக்டோபஸ் பிடிக்கிறார். அவசரமில்லாமல் நீளும் காட்சி. பாதரசம் எதைப் பறித்தது என்று அங்கேதான் நமக்கு உறைக்கிறது, எந்த வாய்ஸ் ஓவரும் இல்லாமல். அதே மக்கள் சிஸ்ஸோ நிறுவனத்தில் ஆளுக்கொரு பங்கு வாங்கி, யாத்திரிகர்களின் வெள்ளை உடையில், ஒசாகாவில் நடந்த பங்குதாரர் கூட்டத்துக்குள் நுழைகிறார்கள். அவர்களைப் பார்த்து யாரால் 'ஐயோ பாவம்' என்று சொல்ல முடியும்?

அப்புறம், 1977-இல் தன் படங்களைத் தூக்கிக்கொண்டு, மினமாட்டாவை ஒட்டிய ஷிரானுய் கடலோர மீனவ ஊர்களுக்குப் போய்த் திரையிட்டார். தனக்கு வந்திருப்பதும் அதே நோய்தான் என்று அறியாதவர்களும், அறிந்தும் வெளியே சொல்லத் தயங்கியவர்களும் அங்கே இருந்தார்கள். திரைப்பட விழாக் கைதட்டலைவிட எனக்கு இது பெரிதாகப் படுகிறது. நீ ஒத்துக்கொள்ள மாட்டாய், பரவாயில்லை.

சரி, உன் படத்துக்கு வருகிறேன். ராத்திரியில் கழிவைத் திறந்துவிடுவதைப் பற்றிப் பேசும் அந்தத் தொழிலாளி. கையெழுத்து வாங்கிவிட்டேன் என்கிறாய். கேமரா முன்னால் பேச அவர் சம்மதித்தார், உண்மைதான். தன் பேச்சுக்கு அடுத்து அந்த ஆற்றையும், அதற்கடுத்து முதலாளியின் வீட்டையும் நீ ஒட்டப்போவது அவருக்குத் தெரியுமா? முகத்தை மங்கலாக்கினால் போதும் என்று நினைக்காதே. குரலும் நடையும் போதும், ஊரில் யாரென்று கண்டுபிடித்துவிடுவார்கள். வேலை போனால் திரைப்பட விழாவா சம்பளம் கொடுக்கும்?

விழாவுக்கு அனுப்பும் கடைசித் தேதி நெருங்குகிறது, தெரியும். அதற்கு முன்னால் அவர் வீட்டில் வைத்து முழுசாகப் போட்டுக் காட்டு. வீட்டுக்காரம்மாவும் கூட உட்காரட்டும். பின்விளைவு பாதி அவர் தலையில்தானே விழும்? வேண்டாம் என்று சொன்னால் எடுத்துவிடு. அந்தக் காட்சி இல்லாமல் படத்தை எப்படி நிற்க வைப்பது என்று சேர்ந்து உட்கார்ந்து பார்க்கலாம். வரும்போது நீ வெட்டிப்போட்ட ஃபுட்டேஜையும் எடுத்துக்கொண்டு வா.

அன்புடன்,
அண்ணன்